ஆறு பெண்களிடம் கேட்காத கேள்வி

வடலூரிலோ குறிஞ்சிப்பாடியிலோ கருவுற்ற ஒரு பெண் முதன்முறையாக அரசு மருத்துவமனைக்குப் போகிறாள். எடை பார்க்கிறார்கள், இரத்த அழுத்தம் பார்க்கிறார்கள், அட்டையில் எழுதிக் கொடுக்கிறார்கள். பிறகு ‘நம்பிக்கை மையம்’ என்று பலகை மாட்டிய அறைக்கு அனுப்புகிறார்கள். எச்.ஐ.வி. சோதனை என்றால் என்ன, எதற்காகச் செய்கிறோம், முடிவு யாருக்குத் தெரியும் என்பதையெல்லாம் ஆலோசகர் அவளுக்குச் சொல்ல வேண்டும். சொன்ன பிறகு, “உனக்குச் சம்மதமா?” என்று கேட்க வேண்டும். அவள் சரி என்ற பிறகே ஊசி ஏற வேண்டும். சட்டம் அப்படித்தான் சொல்கிறது.

நடைமுறையில் அந்தக் கேள்வி பல நேரம் கையெழுத்து வாங்கும் சடங்காகச் சுருங்கிவிடுகிறது. வெளியே மாமியார் காத்திருக்கிறார், வரிசை நீளமாக இருக்கிறது, அவளும் நீட்டிய தாளில் பெயரை எழுதிவிட்டு வருகிறாள். அது ஒரு பெரிய விஷயமாக அவளுக்கும் தோன்றுவதில்லை, நமக்கும் தோன்றுவதில்லை.

ஆனால் அந்தக் கேள்விக்கு ஒரு வரலாறு இருக்கிறது. அது கேட்கப்படாத காலம் ஒன்று இருந்தது. அந்தக் காலத்தில் இரத்தம் கொடுத்தவர்கள் பெண்கள், எடுத்த மருத்துவர்களும் பெண்கள். இந்தியாவின் எச்.ஐ.வி. வரலாறு தொடங்குவதே அங்குதான்.

1985ஆம் ஆண்டின் இறுதி. சென்னை மருத்துவக் கல்லூரியின் நுண்ணுயிரியல் துறையில் சுனிதி சாலமன் பேராசிரியராக இருந்தார். தோல் வணிகம் செய்துவந்த மராத்திக் குடும்பத்தில் சென்னையில் பிறந்தவர். அதே கல்லூரியில் படித்து, இதய அறுவை மருத்துவரான கணவரோடு பல நாடுகளில் இருந்துவிட்டு 1973இல் ஊர் திரும்பியவர். அமெரிக்காவில் எய்ட்ஸ் பற்றி வந்துகொண்டிருந்த ஆய்வுகளைத் தொடர்ந்து படித்துவந்தார். இந்தியாவில் அப்போது ஒருவருக்கும் அந்த நோய் இருப்பதாகக் கண்டறியப்படவில்லை. அது மேலைநாட்டு ஒழுக்கக்கேட்டின் விளைவு, நம் குடும்ப அமைப்பு அதை உள்ளே விடாது என்பதே பத்திரிகைகளிலும் அதிகார வட்டாரத்திலும் நிலவிய பேச்சு.

சுனிதியிடம் முதுநிலை பயின்ற மாணவி நிர்மலா செல்லப்பன். முப்பத்திரண்டு வயது, கிராமத்திலிருந்து வந்தவர், இரண்டு சிறு குழந்தைகளின் தாய். ஆய்வேட்டுக்கு இந்தத் தலைப்பை எடுத்துக்கொள்ளும்படி சுனிதி சொன்னபோது அவர் தயங்கினார். ஊக்கம் கொடுத்து அனுப்பியவர் அவருடைய கணவர் ராமமூர்த்தி. பாலியல் தொழிலாளர், ஓரினச் சேர்க்கையாளரான ஆண்கள், ஆப்பிரிக்க மாணவர்கள் ஆகியோரிடமிருந்து இருநூறு இரத்த மாதிரிகள் சேகரிக்க வேண்டும் என்பது திட்டம்.

பம்பாயில் இருப்பதுபோலத் தனிப் பகுதி எதுவும் சென்னையில் இல்லை. பாலியல் தொழிலாளரை எங்கே தேடுவது என்று நிர்மலாவுக்குத் தெரியவில்லை. பொது மருத்துவமனைக்குப் பால்வினை நோய்ச் சிகிச்சைக்காக வரும் பெண்களோடு பேசிப் பழகினார். அவர்களில் பலருடைய படிவத்தில் முகவரி இருக்க வேண்டிய இடத்தில் ‘வி ஹோம்’ என்று எழுதியிருந்தது. விசாரித்தபோதுதான் அது ‘விஜிலென்ஸ் ஹோம்’ என்று தெரிந்தது. விபசாரத் தடுப்புச் சட்டம் என்று மக்கள் வழக்கில் சொல்லப்படும் 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் கைதான பெண்களையும், போக்கிடம் இல்லாத பெண்களையும் அரசு அடைத்துவைத்திருந்த காப்பகம் அது.

தினமும் காலையில் வேலைக்குப் போகும் முன் நிர்மலா அங்கே போனார். பேருந்துக் காசை மிச்சம் பிடிக்கக் கணவர் ஸ்கூட்டரில் கொண்டுபோய் விட்டார். மூன்று மாதத்தில் எண்பதுக்கு மேற்பட்ட மாதிரிகள் சேர்ந்தன. கையுறை கிடையாது, பாதுகாப்புக் கருவி எதுவும் கிடையாது. சுனிதியின் உதவியோடு ஒரு சிறு ஆய்வகத்தில் சீரத்தைப் பிரித்து, தம் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டியிலேயே நிர்மலா வைத்திருந்தார். அவர் எடுத்துக்கொண்ட ஆபத்து சிறியதல்ல.

ஆனால் எதற்காக இரத்தம் எடுக்கிறோம் என்பதை அந்தப் பெண்களிடம் அவர் சொல்லவில்லை. வழக்கமான பால்வினை நோய்ச் சோதனை என்றே அவர்கள் நினைத்துக்கொண்டார்கள். பல ஆண்டுகள் கழித்து நிர்மலாவே இதை வெளிப்படையாகச் சொன்னார். அவர்கள் படிக்காதவர்கள், சொல்லியிருந்தாலும் எய்ட்ஸ் என்றால் என்னவென்று புரிந்திருக்காது என்பது அவர் தந்த விளக்கம்.

1986 பிப்ரவரியில் நிர்மலாவும் கணவரும் ஐஸ் பெட்டியில் மாதிரிகளை வைத்துக்கொண்டு இரவு ரயிலில் காட்பாடிக்குப் போய், அங்கிருந்து ஆட்டோவில் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியை அடைந்தார்கள். எலிசா சோதனை வசதி சென்னையில் இல்லாததால்தான் இந்தப் பயணம். வைரஸ் துறைத் தலைவர் ஜேக்கப் ஜான், தம் துறையைச் சேர்ந்த ஜார்ஜ் பாபு, எரிக் சிமோயஸ் இருவரையும் உதவிக்கு விட்டார். காலையில் தொடங்கிய வேலை நண்பகல் மின்வெட்டில் நின்றது. தேநீர் குடித்துவிட்டுத் திரும்பிய ஜார்ஜ் பாபு மூடியைத் திறந்து பார்த்துவிட்டுச் சட்டென்று மூடினார். ஆறு குழிகளில் மஞ்சள் நிறம் ஏறியிருந்தது.

நம்புவதற்கு யாரும் தயாராக இல்லை. உறுதிப்படுத்த இன்னொரு முறை இரத்தம் வேண்டும். சுனிதியும் நிர்மலாவும் வேலூர் மருத்துவர்களோடு மறுபடியும் காப்பகத்துக்குப் போய் அதே ஆறு பெண்களிடம் மீண்டும் இரத்தம் எடுத்தார்கள். சிமோயஸ் அதை அமெரிக்காவுக்குக் கொண்டுபோனார். வெஸ்டர்ன் பிளாட் சோதனை முடிவை உறுதிசெய்தது. பிரதமர் ராஜீவ் காந்திக்குச் சேதி போயிற்று. மே மாதத்தில் தமிழகச் சுகாதார அமைச்சர் எச்.வி. ஹண்டே சட்டமன்றத்தில் அறிவித்தார்.

மருத்துவ வரலாற்று நூல்கள் இந்த இடத்தில் கதையை முடித்துவிடும். கண்டுபிடிப்பு சரியானது, துணிச்சலானது, நாட்டைத் தூக்கத்திலிருந்து எழுப்பியது. 1980களின் இறுதியில் இரத்த வங்கிகளில் எச்.ஐ.வி. சோதனை வந்ததற்குப் பின்னே இந்த ஆறு மாதிரிகளும் இருக்கின்றன. அதனால் பிழைத்த உயிர்களுக்குக் கணக்கில்லை. இதில் எதையும் நாம் குறைத்துச் சொல்லத் தேவையில்லை.

பெண்ணிய வரலாறு வேறொரு கேள்வியையும் கேட்க வேண்டியிருக்கிறது. அந்தக் கண்டுபிடிப்பால் அந்த ஆறு பெண்களுக்கு என்ன கிடைத்தது?

மருந்து கிடைக்கவில்லை. 1986இல் உலகத்தில் எங்குமே இதற்கென்று அனுமதிக்கப்பட்ட மருந்து கிடையாது. முதல் மருந்தான ஏ.இசட்.டி.க்கு அமெரிக்காவில் அனுமதி கிடைத்ததே 1987 மார்ச்சில்தான். இந்தியாவில் அரசு இலவசக் கூட்டு மருந்துச் சிகிச்சையைத் தொடங்கியது 2004 ஏப்ரலில். சோதிக்கப்படுபவருக்குத் திருப்பிக் கொடுக்க ஒன்றுமில்லாத ஒரு சோதனையை அவருக்குச் சொல்லாமல் செய்யலாமா? இதுதான் அன்று அந்த மருத்துவர்களின் முன்னால் இருந்த அறச்சிக்கல். அது யாருடைய கண்ணுக்கும் சிக்கலாகப் படவில்லை என்பதே இதில் நாம் நின்று பார்க்க வேண்டிய இடம்.

காலம் அப்படி என்று சொல்லிவிடலாம். பாதி உண்மைதான். நோயாளியிடம் விளக்குவது அன்றைய இந்திய மருத்துவமனைகளின் வழக்கத்தில் இல்லை. ஆனால் ஒப்புதல் என்ற கருத்தே அப்போது பிறக்கவில்லை என்று சொல்ல முடியாது. நாஜி மருத்துவர்கள் மீதான வழக்கின் முடிவில் 1947இல் நூரம்பர்க் நெறிகள் வந்துவிட்டன. 1964இல் ஹெல்சிங்கி அறிக்கை வந்தது. மனிதர்கள் மீது செய்யப்படும் ஆய்வுகளுக்கான அறநெறிக் கொள்கை ஒன்றை இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமே 1980இல் வெளியிட்டிருந்தது. விதி தாளில் இருந்தது. பூட்டிய கதவுக்குப் பின்னால் இருந்த பெண்களுக்கும் அது பொருந்தும் என்ற நினைப்புத்தான் இல்லை.

திட்டத்தில் ஆண்களும் இருந்தார்கள் என்பதை மறக்க வேண்டாம். ஆனால் ஒரே இடத்தில், மறுத்துப் பேச முடியாத நிலையில், தினமும் காலையில் போனால் கிடைப்பவர்களாக இருந்தவர்கள் பெண்கள்தாம். அவர்களைக் காசு கொடுத்து நாடி வந்த ஆண்களை அடைத்துவைக்க எந்த விஜிலென்ஸ் ஹோமும் இருந்ததில்லை. ஆகவே அந்த ஆண்களின் இரத்தம் எந்த ஐஸ் பெட்டியிலும் ஏறவில்லை. கணக்கெடுப்பில் அகப்பட்டவர்களே நோயைப் பரப்புகிறவர்களாகவும் ஆனார்கள். பெண்களிடமிருந்து ஆண்களுக்குப் போகிறது என்றுதான் நாளிதழ்கள் எழுதின. அந்த ஆறு பேருக்கு அது யாரிடமிருந்து வந்தது என்று எவரும் கேட்கவில்லை.

இந்தப் பார்வைக்கு வயது அதிகம். ஆங்கிலேய ஆட்சியில் 1868இல் தொற்றுநோய்ச் சட்டம் ஒன்று இங்கே வந்தது. படைவீரர்களைப் பால்வினை நோயிலிருந்து காப்பது அதன் நோக்கம். அதற்கு வழி, பெண்களைப் பதிவுசெய்து குறித்த நாளில் மருத்துவர் முன் நிறுத்துவது. நோய் இருந்தால் ‘லாக் ஹாஸ்பிடல்’ என்ற பூட்டு மருத்துவமனையில் குணமாகும்வரை அடைப்பது. படைவீரன் வெளியே இருப்பான், பெண் உள்ளே இருப்பாள். இங்கிலாந்தில் இதே போன்ற சட்டங்களை எதிர்த்து ஜோசபின் பட்லரும் தோழிகளும் பல ஆண்டுகள் போராடினார்கள். அங்கே 1886இல், இங்கே 1888இல் சட்டம் நீக்கப்பட்டது. சட்டம் போன பிறகும் அந்தப் பார்வை மருத்துவமனைகளை விட்டும் காவல் நிலையங்களை விட்டும் போகவில்லை. பெண்ணின் உடல் நோயின் இருப்பிடம், அதைப் பூட்டிவைத்தால் ஊர் பிழைக்கும் என்ற அந்த நினைப்பு நூறு ஆண்டு கழித்துச் சென்னையில் வேலை செய்தது.

எப்படியென்றால், 1986க்குப் பிறகு காப்பகத்துக்குக் கொண்டுவரப்பட்ட பெண்களுக்குச் சோதனை தொடர்ந்தது. எச்.ஐ.வி. இருப்பதாகத் தெரிந்தவர்களைத் தண்டனைக் காலம் முடிந்த பின்னும் வெளியே விடவில்லை. அவர்கள் செய்த குற்றத்துக்கான தண்டனை முடிந்துவிட்டது, இரத்தத்துக்கான தண்டனை முடியவில்லை. மருத்துவர் எழுதிக் கொடுத்த சோதனை முடிவு சிறைக்காவலர் கையில் சாவியாக மாறியது. மருந்து கொடுக்க முடியாத மருத்துவமும் விடுதலை கொடுக்க மறுத்த அரசும் அந்தப் பெண்கள் விஷயத்தில் ஒன்றாகச் சேர்ந்துகொண்டன. பத்திரிகையாளர் சியாமளா நடராஜ் இதை எதிர்த்துச் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். 1990இல் நீதிமன்றம் அவர்களை விடுவிக்க உத்தரவிட்டது.

அதே காலத்தில் கோவாவில் நடந்ததையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். தவறாமல் இரத்த தானம் செய்துவந்த டொமினிக் டிசோசா என்ற இளைஞரைக் காரணம் சொல்லாமல் 1989 பிப்ரவரியில் காவலர் அழைத்துப்போய், மாநிலப் பொதுச் சுகாதாரச் சட்டத்தின் கீழ் 64 நாள் தனிமையில் அடைத்துவைத்தார்கள். வழக்குத் தொடுத்தவர் அவருடைய தாய் லூசி. பம்பாய் உயர் நீதிமன்றம் அந்தச் சட்டம் செல்லும் என்றே தீர்ப்பளித்தது. சென்னையில் ஒரு பத்திரிகையாளர், கோவாவில் ஒரு தாய் என்று இரண்டு இடத்திலும் கதவைத் தட்டியவர்கள் பெண்கள்தாம்.

சுனிதி சாலமன் ஆய்வக முடிவோடு நின்றுவிடவில்லை. அரசுப் பணியிலிருந்து விலகி 1993இல் தம் தந்தை பெயரில் ஒய்.ஆர். கெய்தொண்டே எய்ட்ஸ் ஆய்வு மையத்தைத் தொடங்கினார். மற்ற மருத்துவர்கள் தொடப் பயந்த நோயாளிகளை அங்கே பார்த்தார்கள். சோதனைக்கு முன்னும் பின்னும் உட்காரவைத்துப் பேசுவது அங்கே வைத்தியத்தின் பகுதியாக இருந்தது. எச்.ஐ.வி. உள்ளவர்களுக்குள் திருமணம் பேசி முடிப்பதுகூட அவருடைய வேலையாயிற்று. 2015இல் இறக்கும்வரை அவர் நோயாளிகளுக்கு நடுவில்தான் இருந்தார். அன்று கேட்காமல் விட்ட கேள்வியைக் கேட்பதற்கான இடம் ஒன்றை அவரே கட்டினார் என்று இதைப் படிக்கலாம்.

ஒப்புதலும் இரகசியமும் இருந்துவிட்டால் பெண்களுக்கு எல்லாம் சரியாகிவிடும் என்று இங்கே முடித்துவிட எனக்கு ஆசைதான். வரலாறு அப்படி விடுவதில்லை. நாமக்கல் பகுதியைச் சேர்ந்த கௌசல்யாவுக்கு 1995இல் உறவினரோடு திருமணம் நடந்தது. தமக்கு எச்.ஐ.வி. இருப்பது மணமகனுக்கு முன்பே தெரியும், மணப்பெண்ணுக்குத் தெரியாது. அவருடைய இரகசியம் காக்கப்பட்டது, அதற்கான விலையை அவள் உடல் கொடுத்தது. வெளிப்படையாகத் தம் நிலையைச் சொன்ன முதல் இந்தியப் பெண்களில் ஒருவர் கௌசல்யா. வேறு சில பெண்களோடு சேர்ந்து 1998இல் சென்னையில் எச்.ஐ.வி. உள்ள பெண்களுக்கான கூட்டமைப்பை உருவாக்கினார்.

அதே 1998இல் உச்ச நீதிமன்றத்தில் ஒரு தீர்ப்பு வந்தது. சென்னைத் தனியார் மருத்துவமனை ஒன்றில் நோயாளி ஒருவருக்காக இரத்தம் கொடுத்தவருக்கு எச்.ஐ.வி. இருப்பது தெரிந்தது. செய்தி வெளியேறி, அவருக்கு நிச்சயித்திருந்த திருமணம் நின்றது. இரகசியத்தைக் காக்கவில்லை என்று மருத்துவமனை மீது அவர் வழக்குத் தொடுத்தார். தீர்ப்பில் அவர் பெயர் ‘திருவாளர் எக்ஸ்’. மணக்கவிருந்த பெண்ணின் உயிர் வாழும் உரிமையே பெரிது என்று சொல்லி நீதிமன்றம் மருத்துவமனையின் பக்கம் நின்றது. எச்.ஐ.வி. உள்ளவர்களின் திருமண உரிமையையே கேள்விக்குள்ளாக்கிய வரிகளும் அதில் இருந்தன. அந்த வழக்கில் அவை தேவையற்றவை என்று 2002இல் நீதிமன்றமே தெளிவுபடுத்தியது.

இங்கே பெண்ணியவாதிகள் எந்தப் பக்கம் நிற்பது? கௌசல்யாவை நினைத்தால், சொல்லியிருக்க வேண்டும் என்றுதான் மனம் சொல்கிறது. ஆனால் ‘மனைவிக்குச் சொல்’ என்ற அதே விதி ‘கணவனுக்குச் சொல்’ என்றும் திரும்பும். கருவுற்றதும் முதலில் சோதிக்கப்படுபவள் மனைவி. ஆகவே வீட்டில் முதலில் அகப்படுபவளும் அவள்தான். கணவனிடமிருந்து வந்திருந்தாலும், ‘இவள்தான் கொண்டுவந்தாள்’ என்ற பழியோடு அம்மா வீட்டுக்கு அனுப்பப்பட்ட பெண்கள் தமிழ்நாட்டில் எத்தனையோ பேர். சொல்வதும் பெண்ணைக் கொல்லலாம், சொல்லாமல் விடுவதும் கொல்லலாம்.

நீண்ட போராட்டத்துக்குப் பின் வந்த 2017ஆம் ஆண்டு எச்.ஐ.வி., எய்ட்ஸ் சட்டம் இந்த முடிச்சை ஓரளவு புரிந்துகொண்டிருக்கிறது. அது 2018 செப்டம்பர் 10 முதல் நடைமுறையில் உள்ளது. விளக்கிச் சொல்லிச் சம்மதம் வாங்காமல் சோதிக்கக் கூடாது என்பது அதன் பொது விதி. துணைக்கு உண்மையான ஆபத்து இருந்து, ஆலோசனைக்குப் பிறகும் நோயாளி தாமாகச் சொல்ல முன்வராவிட்டால், நோயாளிக்கு முன்கூட்டியே தெரிவித்துவிட்டு மருத்துவரோ ஆலோசகரோ துணைக்குச் சொல்லலாம். ஆனால் சொன்னால் அடிவிழும், கைவிடப்படுவாள் என்று அஞ்சக் காரணம் இருந்தால், குறிப்பாக நோயாளி பெண்ணாக இருந்தால், சொல்லக் கூடாது. சொல்லும் உரிமையும் சொல்லக் கூடாத கடமையும் ஒரே பிரிவில் அடுத்தடுத்து நிற்கின்றன. எதை எப்போது எடுப்பது என்பதை அந்தச் சிறு அறையில் இருக்கும் ஆலோசகரும் மருத்துவரும் அந்தப் பெண்ணோடு பேசித்தான் முடிவுசெய்ய வேண்டும். பேசாமல் அந்தச் சட்டத்தை நிறைவேற்ற வழியே இல்லை.

தனியாளை அடையாளம் காணாத, பெயரில்லாத கணக்கெடுப்புக்கு அதே சட்டம் விலக்குத் தருகிறது. அப்போதும் எதற்காக என்பதைச் சொல்லிவிட வேண்டும் என்கிறது. 1986இல் நடந்தது கணக்கெடுப்பாகத் தொடங்கியது. ஆனால் அதே ஆறு பேரைத் தேடி மறுபடியும் போக முடிந்தது என்றால், மாதிரிகள் பெயரோடு இருந்தன என்றுதான் பொருள். இன்றைய சட்டப்படி அந்த ஆய்வை அப்படிச் செய்ய முடியாது.

நிர்மலா 1987இல் தம் ஆய்வேட்டைக் கொடுத்தார். கிண்டி கிங் நோய்த்தடுப்பு நிலையத்தில் சேர்ந்து 2010இல் ஓய்வு பெற்றார். 2016இல் பி.பி.சி. அவரைத் தேடிப்போய் எழுதும்வரை அவர் பெயர் மருத்துவ வட்டத்துக்கு வெளியே பலருக்குத் தெரியாது. பேராசிரியருக்கு வந்த புகழ் மாணவிக்கு வரவில்லை. அவர் பெயரை மீட்டது நல்ல காரியம். ஆனால் அந்த வரிசையில் இன்னும் ஆறு பேர் நிற்கிறார்கள். அவர்கள் பெயர் நமக்குத் தெரியாது. தெரியாமல் இருப்பதே நியாயம், ஏனென்றால் அந்த இரகசியம் அவர்களுக்குச் சேர வேண்டியது. பெயரைத் தோண்டி எடுக்காமலும் அவர்களுக்குச் செய்யக்கூடிய மரியாதை ஒன்று உண்டு. அன்று அவர்களிடம் கேட்காமல் விட்டதை இன்று ஒவ்வொருவரிடமும் ஒழுங்காகக் கேட்பதுதான் அது.

வடலூரில் 1867இல் வள்ளலார் தொடங்கிய தருமசாலையில் யார், எந்தச் சாதி என்று கேட்காமல் சோறு போடுகிறார்கள். கொடுக்கும்போது கேட்காமல் கொடுப்பதே அறம். எடுக்கும்போது கேட்காமல் எடுக்கக் கூடாது. நம்பிக்கை மையத்தில் தாளை நீட்டும்போது, “இது எதற்குங்க அக்கா? எனக்குக் கொஞ்சம் விளக்கிச் சொல்லுங்க” என்று கேட்பதற்கு ஒவ்வொரு பெண்ணுக்கும் உரிமை உண்டு. வெளியே வரிசை எவ்வளவு நீளமாக இருந்தாலும், பதில் சொல்லிவிட்டுத்தான் அடுத்தவரைக் கூப்பிட வேண்டும்.